கன்டெம்ப்ட் எதுவரை கைகொடுக்கும்?

மூணாறு, வண்டிப்பெரியாறு எஸ்டேட் லயங்களிலும் சரி, கஞ்சிக்கோடு, வாளையார் ஆலை வாசல்களிலும் சரி, வேலைநீக்கம் பற்றிப் பேச்சு வந்தால் யாராவது ஒருவர் இதைச் சொல்லாமல் இருக்கமாட்டார்: "ஹைகோர்ட்டே உத்தரவு போட்டாச்சு, கம்பெனி மதிக்கலை. ஒரு கன்டெம்ப்ட் போட்டா மேனேஜர் உள்ளே போயிடுவான்." வேலை பறிபோன குடும்பத்தின் வயிற்றெரிச்சல் அந்தப் பேச்சில் இருக்கிறது. அதை யாரும் குறை சொல்ல முடியாது. ஆனால் அந்த நம்பிக்கையோடு எர்ணாகுளத்துக்கு பஸ் ஏறி, மாதக்கணக்கில் அலைந்து, 'மனு முடித்துவைக்கப்படுகிறது' என்ற ஒற்றை வரியோடு மலை ஏறுகிறவர்கள் உண்டு. அவர்கள் வழக்கு தோற்பது நியாயம் இல்லாததால் அல்ல. நீதிமன்ற அவமதிப்பு என்ற வழி எங்கே முடிகிறது என்பதை முன்கூட்டியே அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. இந்த உரை அந்த எல்லையைப் பற்றியது.

முதலில் சட்டம். 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டம் இரண்டு வகை அவமதிப்பைச் சொல்கிறது. நீதிமன்றத்தை இழிவுபடுத்திப் பேசுவது, எழுதுவது, நீதி நடப்பதற்குக் குறுக்கே நிற்பது குற்றவியல் அவமதிப்பு. கேரளத்துக்கு இது நன்றாகத் தெரிந்த வகை. 1967 நவம்பரில் முதலமைச்சராக இருந்த இ.எம்.எஸ். நம்பூதிரிபாடு, நீதிபதிகள் வர்க்கச் சார்போடு நடக்கிறார்கள் என்று பத்திரிகையாளர்களிடம் பேசினார். கேரள உயர் நீதிமன்றம் அவருக்கு 1,000 ரூபாய் அபராதம் விதித்தது. 1970 ஜூலையில் உச்ச நீதிமன்றம் தண்டனையை உறுதி செய்தாலும் அபராதத்தை 50 ரூபாயாகக் குறைத்தது. தொழிலாளியின் வேலைநீக்க வழக்கில் வருவது மற்ற வகை, உரிமையியல் அவமதிப்பு. நீதிமன்றத்தின் தீர்ப்பையோ கட்டளையையோ வேண்டுமென்றே மீறுவதும், நீதிமன்றத்துக்குக் கொடுத்த உறுதிமொழியை வேண்டுமென்றே முறிப்பதும் அதில் அடங்கும். தண்டனை அதிகபட்சம் 6 மாத சாதாரண சிறை, அல்லது 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். மனப்பூர்வமாக மன்னிப்புக் கேட்டால் அதுவும் தள்ளுபடி ஆகலாம்.

'வேண்டுமென்றே' என்ற சொல்லில்தான் பாதி மனுக்கள் விழுகின்றன. தாமதம், குழப்பம், உத்தரவைத் தவறாகப் புரிந்துகொண்டது என்று கம்பெனி காட்டிவிட்டால் தண்டனைக்கு நீதிமன்றம் தயங்கும். ஒருவரைச் சிறைக்கு அனுப்பக்கூடிய நடவடிக்கை என்பதால், குற்ற வழக்குக்கு இணையான சான்றை நீதிமன்றங்கள் எதிர்பார்க்கின்றன.

ஒரு கற்பனை உதாரணத்தை எடுத்துக்கொள்வோம். தேவிகுளம் பக்கத்து எஸ்டேட் ஒன்றில் கொழுந்து எடை போடும் இடத்தில் தகராறு. தராசு குறைத்துக் காட்டுகிறது என்று கேட்ட பெண் தொழிலாளிக்கு மெமோ, பிறகு சஸ்பென்ஷன், பிறகு கம்பெனியின் உள்விசாரணை, கடைசியில் டிஸ்மிஸ். அவர் உயர் நீதிமன்றம் போகிறார். தீர்ப்பின் கடைசிப் பத்தி இப்படி இருக்கிறது: "மனுதாரரின் முறையீட்டை நிர்வாகம் பரிசீலித்து, நகல் கிடைத்த ஆறு வாரங்களுக்குள் முடிவெடுக்க வேண்டும்." லயத்தில் இனிப்பு கொடுக்கிறார்கள். ஆறு வாரம் முடிவதற்குள் கம்பெனியிடமிருந்து கடிதம் வருகிறது: 'பரிசீலித்தோம், நிராகரிக்கிறோம்.'

இது அவமதிப்பா? இல்லை. பரிசீலி என்றது நீதிமன்றம், பரிசீலித்தாயிற்று. 1996-இல் பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தக் கேள்வியைத் தெளிவாகத் தீர்த்தது. அது ராஜஸ்தானில் பணிமூப்புப் பட்டியல் பற்றிய தகராறு. நீதிமன்ற உத்தரவின்படி ஒரு முடிவை எடுத்துவிட்டால், அந்த முடிவு சரியாகவும் இருக்கலாம், தவறாகவும் இருக்கலாம். பாதிக்கப்பட்டவர் அதை எதிர்த்துப் புதிய வழக்குத்தான் போட வேண்டும். முடிவு தவறு என்பதற்காக அது வேண்டுமென்றே செய்த மீறல் ஆகிவிடாது. அந்தப் பெண் தொழிலாளிக்கு லயத்தில் இனிப்பு கொடுத்த நாளன்று வேலை கிடைக்கவில்லை, ஒரு பதில் கடிதத்துக்கான உரிமை மட்டுமே கிடைத்தது. இதை அன்றே அவருக்கு விளக்கியிருக்க வேண்டியது வக்கீலின் கடமை, சங்கத்தின் கடமை.

ஒழுங்கு நடவடிக்கையை நேராகத் தொட்ட தீர்ப்பு 2006-இல் வந்தது. மேற்கு வங்கத்தின் மிட்னாபூர் மக்கள் கூட்டுறவு வங்கி ஓர் ஊழியரை இடைநீக்கம் செய்தது. விசாரணையைக் குறித்த காலத்துக்குள் முடிக்கும்படி உயர் நீதிமன்றம் சொன்னது. விசாரணை இழுத்தது. ஊழியர் கன்டெம்ப்ட் போட்டார். அந்த மனுவை விசாரித்த தனி நீதிபதி, அவரைத் திரும்ப வேலையில் சேர்க்கும்படியே உத்தரவிட்டுவிட்டார். உச்ச நீதிமன்றம் அதை ஏற்கவில்லை. உத்தரவு மீறப்பட்டதா, மீறியவருக்குத் தண்டனை தேவையா என்பதோடு அவமதிப்பு மனுவின் வேலை முடிகிறது. அசல் தகராறில் யார் பக்கம் நியாயம் என்று அங்கே தீர்ப்புச் சொல்ல முடியாது என்றது. அதே தீர்ப்பில் இன்னொரு விஷயமும் உண்டு. தண்டனை விதித்தால், தண்டிக்கப்பட்டவர் 19-ஆம் பிரிவின் கீழ் மேல்முறையீடு செய்யலாம். நடவடிக்கை வேண்டாம் என்று நீதிமன்றம் மனுவை முடித்துவிட்டால், மனு போட்டவருக்கு அந்தப் பிரிவில் மேல்முறையீடு கிடையாது. உச்ச நீதிமன்றத்தின் சிறப்பு அனுமதி ஒன்றுதான் மிச்சம். எஸ்டேட் தொழிலாளிக்கு டெல்லி என்பது என்ன தூரம் என்று சொல்ல வேண்டியதில்லை.

தமிழ்நாட்டிலிருந்தும் ஓர் உதாரணம் உண்டு. ஓ.என்.ஜி.சி.யின் ஒப்பந்த ரேடியோ ஆபரேட்டர்கள் பணி நிரந்தரம் கேட்டு சென்னை உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தார்கள். உத்தரவு சரியாக நிறைவேறவில்லை என்று அவமதிப்பு மனு போனது. அதில், அவர்களுக்காகக் கூடுதல் பணியிடங்களை உருவாக்கும்படி கட்டளை பிறந்தது. 2014-இல் உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. மூல உத்தரவின் வரிகளுக்குள் இல்லாத எதையும் அவமதிப்பு மனுவில் புதிதாகச் சேர்க்கக் கூடாது என்பது காரணம்.

இந்தக் கட்டுப்பாடு சரிதானா? கொள்கையளவில் சரி. ஒரு நீதிபதி முன் முடிந்த வழக்கை, எதிர்த்தரப்பைச் சிறை என்று மிரட்டி இன்னொரு நீதிபதி முன் பெரிதாக்க முடியுமானால், நாளை அதே ஆயுதம் தொழிலாளி பக்கமும் திரும்பும். திரும்பியும் இருக்கிறது. வேலைநிறுத்த நேரத்தில் போலீஸ் பாதுகாப்பு கேட்டு நிர்வாகங்கள் கேரள உயர் நீதிமன்றத்தில் உத்தரவு வாங்குவதும், பிறகு சங்கத் தலைவர்கள் அதை மீறினார்கள் என்று அவமதிப்பு மனு போடுவதும் இந்த மாநிலத்துக்குப் புதிதல்ல. அப்போது 'உத்தரவில் உள்ளது இவ்வளவுதான்' என்ற வாதம்தான் சங்கத்தைக் காப்பாற்றும். ஆனால் நடைமுறையில் இந்தக் கட்டுப்பாட்டின் பாரம் ஒரு பக்கமாகத்தான் விழுகிறது. புதிய முடிவு, புதிய வழக்கு, மறுபடி ஒரு முடிவு என்று கம்பெனியால் காலம் கடத்த முடியும். சம்பளம் இல்லாத வீட்டால் முடியாது. ஆகவே குறையைத் திருத்த வேண்டிய இடம் முதல் உத்தரவு. 'பரிசீலிக்கவும்' என்று எழுதி வழக்கை முடிக்கும் வழக்கத்தை நீதிமன்றங்கள் வேலைநீக்க வழக்குகளிலாவது விட வேண்டும்.

மறுபக்கத்திலிருந்து வரும் ஒரு கேள்வியும் உண்டு. போலீஸ் கேஸ் கோர்ட்டில் இருக்கிறது, அதே குற்றச்சாட்டில் கம்பெனி தனியாக என்கொயரி நடத்துகிறது. இது கோர்ட்டை அவமதிப்பதில்லையா? உத்தரப் பிரதேசத்தில் ஒரு கல்லூரி முதல்வர், தன் வழக்கு நிலுவையில் இருக்கும்போதே நிர்வாகி தன்மேல் ஒழுங்கு நடவடிக்கை எடுத்தார் என்று முறையிட்டார். அலகாபாத் உயர் நீதிமன்றம் அதை அவமதிப்பு என்றே முடிவு செய்தது. 1968-இல் உச்ச நீதிமன்றம் அதை மாற்றியது. நல்லெண்ணத்தோடு நடத்தும் ஒழுங்கு நடவடிக்கை நீதியின் போக்கைத் தடுப்பதாகாது, விசாரணையை நிறுத்த வேண்டுமானால் ஊழியர் தடை உத்தரவு கேட்டு வாங்கலாம், அந்தத் தடையை மீறினால்தான் அவமதிப்பு என்றது. அதற்குச் சில ஆண்டுகள் முன்பே, எர்ணாகுளத்தில் டாடா ஆயில் மில்ஸ் தொழிலாளி ஒருவர் மீதான அடிதடிக் குற்றச்சாட்டு வழக்கில், குற்ற வழக்கு நடக்கிறது என்பதற்காக உள்விசாரணை நின்றுபோக வேண்டியதில்லை என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருந்தது. ஆக, தடை உத்தரவு இல்லாத இடத்தில் கன்டெம்ப்டும் இல்லை.

அப்படியானால் கம்பெனி இஷ்டப்படி விசாரணை நடத்திக்கொள்ளலாமா? கோலார் தங்கவயல் வழக்கு அதற்குப் பதில். பாரத் தங்கச் சுரங்க நிறுவனத்தின் பாதுகாப்பு அதிகாரி ஒருவரின் வீட்டில் 1985 ஜூனில் போலீஸ் சோதனை நடந்தது. தங்கம் கலந்த மணல் கிடைத்ததாகக் குற்ற வழக்கு, அதே குற்றச்சாட்டில் இடைநீக்கம், உள்விசாரணை. அவர் கேரளத்துக்காரர். இடைநீக்கக் காலத்துக்குரிய பிழைப்பூதியம் தரப்படவில்லை. கையில் காசில்லாமல், ஊரிலிருந்து கோலாருக்கு விசாரணைக்குப் போக முடியவில்லை. அவர் இல்லாமலேயே விசாரணை முடிந்தது, 1986-இல் டிஸ்மிஸ். 1987-இல் குற்றவியல் நீதிமன்றம் அவரை விடுதலை செய்தது. 1999-இல் உச்ச நீதிமன்றம் டிஸ்மிஸ் உத்தரவைச் செல்லாததாக்கியது. பிழைப்பூதியம் கொடுக்காமல் ஒருவரைப் பட்டினி போட்டுவிட்டு 'விசாரணைக்கு வரவில்லை' என்று எழுதுவது விசாரணையே அல்ல என்பது அந்தத் தீர்ப்பின் உயிர். இதில் கவனிக்க வேண்டியது, அவர் ஜெயித்தது கன்டெம்ப்டால் அல்ல. விசாரணையின் ஓட்டையைக் காட்டி, அசல் வழக்கில் ஜெயித்தார். 2025 நவம்பர் வரை நடப்பில் இருந்த 1946-ஆம் ஆண்டின் நிலையாணைச் (ஸ்டாண்டிங் ஆர்டர்) சட்டப்படி முதல் 90 நாளைக்குப் பாதிச் சம்பளம், தொழிலாளியின் தவறில்லாமல் விசாரணை நீண்டால் அதற்குமேல் முக்கால் சம்பளம் தர வேண்டும். இதைக் கேட்டு வாங்காத இடைநீக்கங்கள் மலையில் இன்றும் நடக்கின்றன.

அதே நிலையாணைச் சட்டத்தில் எல்லைப்புறத் தமிழர்கள் மறந்துவிட்ட ஒரு பிரிவு இருந்தது. நிலையாணைகளை ஆங்கிலத்திலும், பெரும்பான்மைத் தொழிலாளிகளுக்குப் புரியும் மொழியிலும் வாசலருகே பலகையில் ஒட்ட வேண்டும் என்றது 9-ஆம் பிரிவு. தேவிகுளம், பீருமேடு, உடும்பன்சோலை தாலுகாக்களின் எத்தனையோ எஸ்டேட்டுகளில் தலைமுறை தலைமுறையாகத் தமிழ்தான் அந்த மொழி. அரசு அலுவலகங்களோடு தமிழில் கடிதம் எழுதவும் தமிழில் பதில் பெறவும் 1969-ஆம் ஆண்டின் கேரள ஆட்சிமொழிச் சட்டம் தமிழ்ச் சிறுபான்மையினருக்கு வழி செய்திருக்கிறது. லேபர் ஆபீசுக்குத் தமிழில் மனுக் கொடுப்பது சலுகை அல்ல. ஆங்கிலத்திலோ மலையாளத்திலோ வந்த குற்றச்சாட்டு மெமோவில், புரியாமல் ரேகை வைத்துக் கொடுக்கும் நிலை இருந்தால், 'எனக்குப் புரியும் மொழியில் தரவும்' என்று அன்றே எழுத்தில் கேட்க வேண்டும். பின்னால் விசாரணையை உடைக்க அந்த ஒரு தாள் உதவும்.

இனி, லேபர் கோர்ட்டும் தொழில் தீர்ப்பாயமும். பாலக்காட்டுக்கும் இடுக்கிக்கும் தனித்தனித் தொழில் தீர்ப்பாயங்கள் உண்டு. அங்கே 'வேலையில் சேர்' என்று அவார்டு வருகிறது, கம்பெனி சேர்க்கவில்லை. உடனே ஹைகோர்ட்டில் கன்டெம்ப்ட் என்று ஓடுவது பெரும்பாலும் வீண். அவார்டை நிறைவேற்ற, 2025 நவம்பர் வரை நடப்பில் இருந்த 1947-ஆம் ஆண்டின் தொழில் தகராறுச் சட்டத்திலேயே வழிகள் இருக்கும்போது உயர் நீதிமன்றம் அங்கே போகத்தான் சொல்லும். வெளியிட்ட 30 நாள் கழித்து அவார்டு அமலுக்கு வரும். வரவேண்டிய பணத்தை 33-சி பிரிவில் நிலவரிப் பாக்கி போல வசூலிக்கலாம். 2010 திருத்தத்துக்குப் பிறகு, சிவில் கோர்ட் டிக்ரி போலவே அவார்டை நிறைவேற்றவும் வழி வந்தது. அவார்டை எதிர்த்துக் கம்பெனி மேலே போய், வேலையில் சேர்க்கவில்லை என்றால், வழக்கு முடியும்வரை கடைசியாக வாங்கிய முழுச் சம்பளத்தையும் 17-பி பிரிவு தருகிறது. வேறெங்கும் வேலை பார்க்கவில்லை என்று ஒரு பிரமாணப் பத்திரம் கொடுக்க வேண்டும். மேல்முறையீடு போட்டிருக்கிறோம் என்று மட்டும் சொல்லிக் கம்பெனி கையைக் கட்டிக்கொண்டிருக்க முடியாது. தடை வாங்கினால்தான் தடை.

அவார்டை மீறுவது 29-ஆம் பிரிவில் சிறைத் தண்டனைக்குரிய குற்றம். ஆனால் 34-ஆம் பிரிவின்படி, அரசோ அரசின் அதிகாரம் பெற்றவரோ புகார் கொடுத்தால்தான் நீதிமன்றம் அந்த வழக்கை எடுக்கும். தொழிலாளி நேராகப் போக முடியாது. கன்டெம்ப்டைத் தேடித் தொழிலாளி ஓடுவதற்குப் பெரிய காரணம் இங்கேதான் இருக்கிறது. பக்கத்தில் இருக்கும் கதவின் சாவி அரசு மேஜையில் தூங்குகிறது. எந்தக் கட்சி ஆட்சிக்கு வந்தாலும் சங்கங்கள் இந்தக் கேள்வியைத் தொழிலாளர் துறையிடம் கேட்டாக வேண்டும்.

கும்பகோணம் அரசுப் போக்குவரத்துக் கழகத்து டிரைவர் ஒருவரின் வழக்கு இதில் நல்ல பாடம். தகராறு ஒன்று நிலுவையில் இருக்கும்போது தொழிலாளியை டிஸ்மிஸ் செய்தால், 33(2)(பி) பிரிவின்படி ஒரு மாதச் சம்பளம் கொடுத்து, அதிகாரியிடம் ஒப்புதலும் கேட்க வேண்டும். கழகம் கேட்டது. ஒப்புதல் மறுக்கப்பட்டது. ஆனாலும் டிரைவரை வேலையில் சேர்க்கவில்லை. 2001-இல் உச்ச நீதிமன்றம், ஒப்புதல் மறுக்கப்பட்டவுடன் டிஸ்மிஸ் உத்தரவே நடக்காதது போல, அவர் தொடர்ந்து பணியில் இருப்பவர் என்றது. அடுத்த ஆண்டு ஐந்து நீதிபதிகள் அமர்வு இதை இன்னும் உறுதியாக்கியது. இப்படிப்பட்ட நிலையில் நேராகக் கன்டெம்ப்ட் போடாமல், முதலில் உயர் நீதிமன்றத்தில் 'இன்ன தேதிக்குள் சேர், இவ்வளவு கொடு' என்று கட்டளை வாங்க வேண்டும். அதையும் மீறினால், அப்போது கன்டெம்ப்டுக்கு முழு பலம் இருக்கும். கம்பெனியின் மனுவை உயர் நீதிமன்றம் வெறுமனே தள்ளுபடி செய்த தீர்ப்பில் அந்தக் கட்டளை இருக்காது என்பதையும் நினைவில் வைக்க வேண்டும்.

கன்டெம்ப்ட் பெரிதாக உதவிய ஒரு வழக்கு பீருமேட்டையும் தொடுகிறது. 2000-ஐ ஒட்டிய ஆண்டுகளில் கேரளம், தமிழ்நாடு, அசாம், மேற்கு வங்கம் எங்கும் தேயிலைத் தோட்டங்கள் பூட்டிக் கிடந்தன, சம்பளமும் பி.எப்.பும் பாக்கி. 2006-இல் சர்வதேச உணவு, விவசாயத் தொழிலாளர் சங்கம் உச்ச நீதிமன்றம் போனது. தேயிலைச் சட்டத்தின் கீழுள்ள கடமைகளை ஆறு மாதத்தில் செய்யும்படி மத்திய அரசுக்கு 2010 ஆகஸ்ட் 6 அன்று உத்தரவு வந்தது. நடக்கவில்லை. 2012-இல் அவமதிப்பு மனு. அந்த மனுவின் மேல்தான் மாநில அரசுகள் பதில் சொல்ல வேண்டி வந்தது, பாக்கியைக் கணக்கிட ஓய்வுபெற்ற நீதிபதி அபய் மனோகர் சப்ரே தலைமையில் குழு வந்தது. யார், எதை, எத்தனை நாளுக்குள் செய்ய வேண்டும் என்பது 2010 உத்தரவில் இருந்ததால்தான் மனு நின்றது. அப்படியும் பத்தாண்டுக்கு மேல் இழுத்தது என்பதையும் மறைக்கக் கூடாது.

2025 நவம்பர் 21 அன்று மத்திய அரசு நான்கு தொழிலாளர் சட்டத் தொகுப்புகளை நடைமுறைப்படுத்தியது. இங்கே சொன்ன தொழிலாளர் சட்டப் பிரிவு எண்கள் பழைய சட்டங்களுடையவை. வழிகள் பலவும் புதிய தொகுப்பில் வேறு எண்களில் இருக்கின்றன. அவமதிப்புச் சட்டம் மாறவில்லை. அதன் 20-ஆம் பிரிவும் மாறவில்லை: மீறல் நடந்த நாளிலிருந்து ஓராண்டு தாண்டினால் மனு எடுபடாது. ஊர்ப் பஞ்சாயத்து, மந்திரி சிபாரிசு, அடுத்த சீசன் என்று அந்த ஓராண்டைத் தொலைத்தவர்கள் ஏராளம்.

சங்க அலுவலகங்களுக்கும் வழக்குப் பார்க்கும் வக்கீல்களுக்கும் இந்த அவையிலிருந்து ஒரு வேண்டுகோள். மனு எழுதும்போதே தேதியும் தொகையும் பதவியின் பெயரும் கேட்டு எழுதுங்கள். தீர்ப்பு வந்தவுடன் கடைசிப் பத்தியைத் தொழிலாளிக்குத் தமிழில் வாசித்துக் காட்டுங்கள். நகலை மேனேஜர் பெயருக்குத் தபாலில் அனுப்பி, கையெழுத்துப் போட்டு வாங்கியதற்கான ஒப்புகையைப் பத்திரப்படுத்துங்கள். மேனேஜர் மாற்றலாகிப் போனால் புதியவருக்கும் அனுப்புங்கள், ஏனென்றால் அவமதிப்பு ஆளைத்தான் பிடிக்கும், நாற்காலியை அல்ல. ஒவ்வொரு வழக்குக்கும் ஒரு நோட்டில் தீர்ப்பு நாள், நகல் கொடுத்த நாள், கெடு முடியும் நாள், அதிலிருந்து ஓராண்டு முடியும் நாள் ஆகிய நான்கையும் குறித்து வையுங்கள். நிலுவையில் இருக்கும் வழக்குகளுக்கு இந்த வேலையை இந்த வாரமே தொடங்குங்கள்.